நன்கொடையில் ஓடும் செய்தி நிறுவனத்தில் வேலை: தேவகோட்டைத் தாய்க்குப் பதில்

ஆச்சிக்கு வணக்கம்.

பி.ஏ. முடித்த மகள், பிழைப்புக்கு ஊர்விட்டு ஊர் போகிறவர்களைப் பற்றி மட்டும் எழுதும் நிருபராகணும் என்கிறாள், அதுவும் நன்கொடையில் ஓடும் சின்ன நிறுவனத்தில், சோறு போடுமா என்று கேட்டிருக்கிறீர்கள்.

போடும், சீராகப் போடாது. தொடக்கத்தில் மாதச் சம்பளம் கிடைப்பது அரிது. கட்டுரைக்கு இவ்வளவு என்றுதான் வரும், அதுவும் வெளியான பிறகு. ஓர் ஆண்டுச் செலவுக்குக் கையில் பணம் இருந்தால் போக விடுங்கள். அவள் சம்பளத்தை நம்பி வீட்டில் கடன் இருந்தால் இப்போதைக்கு வேண்டாம்.

பர்மாவுக்கும் மலாயாவுக்கும் கொண்டுவிக்க, அதாவது தொழில் செய்யப் போன ஊரில் இது என்ன வேலை என்று விளக்கத் தேவையில்லை. இன்று நம் பக்கத்துப் பையன்கள் வளைகுடாவுக்கும் மலேசியாவுக்கும் போகிறார்கள். காரைக்குடியில் கட்டட வேலைக்கும் ஓட்டல் வேலைக்கும் வடக்கிலிருந்து வருகிறார்கள். 2023 மார்ச்சில், தமிழ்நாட்டில் பீகார் தொழிலாளர்களை அடிக்கிறார்கள் என்று போலி வீடியோக்கள் பரவி, பலர் பயந்து ரயிலேறினார்கள். அந்த மாதிரி நாளில் இந்தி தெரியாத நிருபர் மேஸ்திரியை வைத்துத்தான் பேசணும். கூலிப் பாக்கியை மேஸ்திரி எதிரில் யார் சொல்வார்கள்? ஆகவே முதல் முதலீடு இந்தி. பிராத்மிக் என்ற தொடக்கநிலைத் தேர்வு பாஸ் செய்த இந்தி போதாது. டீக்கடையில் பேசிப் பழகிய இந்தி வேண்டும். வேலையிடத்துக்குப் போகாமல், ஞாயிற்றுக்கிழமை அவர்கள் தங்கும் அறைக்குப் போய்ப் பேசணும்.

இரண்டாவது, காகிதம் படிக்கத் தெரியணும். கல்லலில் ஒரு வீட்டில் "மகனுக்குக் குவைத்தில் சம்பளம் வரலை" என்று அழுகிறார்கள் என்று வையுங்கள். அழுகையை மட்டும் எழுதினால் அது அரைச் செய்தி. பாஸ்போர்ட் நகல், விசா, ஒப்பந்தம், ஏஜென்ட் கொடுத்த ரசீது நான்கையும் கேட்கணும். பத்தாவது தேறாதவர் குவைத், மலேசியா உள்ளிட்ட 18 நாடுகளுக்கு வேலைக்குப் போக அரசின் குடிபெயர்வு அனுமதி வேண்டும், அதைக் காட்ட பாஸ்போர்ட்டில் இ.சி.ஆர். (எமிக்ரேஷன் செக் ரிக்வயர்ட்) என்று இருக்கும். ஏஜென்ட் பதிவு பெற்றவரா என்பதை அரசின் இ-மைக்ரேட் இணையதளத்தில் பார்க்கலாம். அவர் வாங்கக்கூடிய சேவைக் கட்டணம் 30,000 ரூபாயும் ஜி.எஸ்.டி.யும்தான். ரசீதில் முப்பதாயிரம், கையில் கொடுத்தது ஒன்றரை லட்சம் என்றால் செய்தி அங்கேதான் இருக்கிறது. விசிட் விசாவில் போயிருந்தால் ஒப்பந்தமே இருக்காது, அதுவும் செய்திதான்.

புது நிருபர்கள் சறுக்குவது இங்கே: ஆள் இன்னும் அங்கே இருக்கும்போதே எழுதிவிடுவார்கள். பெயரை மாற்றிவிட்டோமே என்பார்கள். ஆனால் ஊர்ப் பெயரும் கம்பெனிப் பெயரும் சேர்ந்து வந்தால் முதலாளிக்கு ஆள் யாரென்று தெரிந்துவிடும். பாஸ்போர்ட் அந்த முதலாளி கையில். "ஓடிப்போய்விட்டான்" என்று ஒரு புகார் கொடுத்தால் பையன் வீடு திரும்புவதே சிக்கல். வாட்ஸ்அப்பில் அனுப்பிய குரல் பதிவை வெளியிட, அனுப்பியவரிடம் மறுபடி ஒருமுறை சம்மதம் கேட்கணும்.

சேரப்போகும் நிறுவனத்தைப் பற்றி: நம் வீடுகளில் ஐந்தொகை, அதாவது வரவு-கடன் கணக்கு, பார்க்காமல் யாரும் கூட்டுச் சேர்ந்ததில்லை, இங்கேயும் பார்க்கணும். லாப நோக்கமில்லாத பிரிவு 8 கம்பெனி என்றால் கம்பெனி விவகார அமைச்சகத் தளத்தில் சிறு கட்டணம் கட்டி ஆண்டுக் கணக்கைப் படிக்கலாம். நன்கொடை ஒரே ஆளிடமிருந்தா, எத்தனை மாதத்துக்கு, முடிந்தால் என்ன திட்டம் என்று நேர்முகத்திலேயே கேட்கட்டும். கேட்டதற்காக முகம் சுளிக்கும் இடம் வேண்டாம். நியூயார்க்கில் 2018-ல் தொடங்கிய டாக்குமெண்டட் என்ற செய்தி நிறுவனம், ஸ்பானிஷ் பேசும் குடியேறிகளுக்கு வாட்ஸ்அப்பிலேயே செய்தி கொடுக்கிறது. அந்த முறையைப் பின்பற்றலாம், பணம் வரும் வழியைப் பின்பற்ற முடியாது. இங்கே வெளிநாட்டு நன்கொடை ஒழுங்குமுறைச் சட்டம், 2010, செய்தி ஊடகம் வெளிநாட்டு நன்கொடை வாங்குவதைத் தடுக்கிறது. உள்நாட்டு அறக்கட்டளைகளும் வாசகர் சந்தாவும்தான் கதி.

இன்னொரு கேள்வியை மறக்கவே கூடாது: வழக்கு வந்தால் வக்கீல் செலவு யாருடையது? அவதூறுக்குப் பாரதிய நியாய சன்ஹிதா 356-ஆவது பிரிவில் இரண்டு ஆண்டு வரை சிறை உண்டு. பதிலை ஒப்பந்தத்தில் எழுத்தில் வாங்கணும்.

படிப்பு? மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தில் இதழியல் இருக்கிறது, வீட்டுக்குப் பக்கம். சென்னையின் ஏசியன் காலேஜ் ஆஃப் ஜர்னலிசம் நல்ல பெயர் உள்ள இடம்தான், ஆனால் செலவு லட்சக்கணக்கில். உதவித்தொகை கிடைத்தால் பார்க்கலாம். பட்டத்தைவிட வெளியான மூன்று கட்டுரைகள் பேசும். பத்திரிகையாளர் பி. சாய்நாத் 2014-ல் தொடங்கிய, கிராமத்து வாழ்க்கையை எழுதும் பாரி (PARI) இணையதளம், மாணவர்கள் எழுதுவதையும் வெளியிடுகிறது.

அடுத்த வாரமே ஒன்று செய்யச் சொல்லுங்கள். 10 ரூபாய் கோர்ட்டு ஸ்டாம்ப் ஒட்டி, மாவட்டத் தொழிலாளர் அலுவலகத்துக்குத் தகவல் உரிமை மனு: பதிவான வெளிமாநிலத் தொழிலாளர் எத்தனை பேர், எந்தெந்த ஒப்பந்ததாரர்களிடம். பதிலுக்கு 30 நாள் கெடு. வராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் மேல்முறையீடு. அந்த ஒரு தாளுக்காக இரண்டு மாதம் அலைந்தும் அவளுக்கு ஆசை விடவில்லை என்றால், மறுபடி எழுதுங்கள்.