பதினேழு நிமிடம் ஒரு தடயமா?

கேள்வி: காலத்தையும் மாற்று உலகங்களையும் ஆராயும் கூடம் ஒன்றைக் கொல்லிமலை மேல் வைத்து நாவல் எழுதுகிறேன். முற்றத்துச் சூரியக் கடிகாரம் 12 காட்டும்போது விஞ்ஞானியின் கைக்கடிகாரம் 12.17 காட்டுகிறது. அதுதான் முதல் தடயம். பிறகு ராட்சதத் தொலைநோக்கியில் இன்னொரு நாமக்கல்லையே பார்த்துவிடுகிறார். நண்பர்கள் நம்ப முடியவில்லை என்கிறார்கள். கற்பனைக்கு எதுக்குங்க கணக்கு?
(வாசகர், திருச்செங்கோடு)

பதில்: நண்பர்களைக் கோபித்துக்கொள்ள வேண்டாம். இன்னொரு நாமக்கல்லை அவர்கள் நம்பியிருப்பார்கள். இடித்தது உங்கள் 17 நிமிடம். அது மாற்று உலகம் அல்ல, வெறும் தீர்க்கரேகை. இந்திய நேரம் 82.5 பாகைக் கிழக்கை வைத்துக் கணக்கிடப்படுகிறது. நாமக்கல் இருப்பது 78.2 பாகைக்கு அருகில். பாகைக்கு 4 நிமிடம், ஆகமொத்தம் 17. (கோவைக்கு 22.) ஊரில் ஜாதகம் கணிக்கிறவரைக் கேட்டிருந்தால் அவரே சொல்லியிருப்பார். அந்த 17 நிமிடமும் ஆண்டு முழுக்க அப்படியே நிற்காது. நவம்பர் தொடக்கத்தில் சூரியன் 16 நிமிடம் முந்துவதால் வித்தியாசம் ஒரு நிமிடமாகச் சுருங்கும். பிப்ரவரி நடுவில் 14 நிமிடம் பிந்துவதால் 31 ஆகும். சரியாக 17 வேண்டுமானால் ஏப்ரல் 15, ஜூன் 13, செப்டம்பர் 1, டிசம்பர் 25 ஆகிய நாட்களை ஒட்டித்தான் கதை நடக்க வேண்டும். உங்கள் கடிதத்தில் மாதமே இல்லை.

தொலைநோக்கியையும் எடுத்துவிடுங்கள். அது காட்டுவது பழைய ஒளியை: சந்திரன் 1.3 நொடி பழசு, சூரியன் 8 நிமிடம் 20 நொடி, ஆண்ட்ரோமெடா சுமார் 25 லட்சம் ஆண்டு. நடந்து முடிந்தது தெரியும். நடக்காமல் போனது எதிலும் தெரியாது.

மலையைத் தேர்ந்தெடுத்தது மட்டும் நல்ல காரியம், ஆனால் வானத்துக்காக அல்ல. உயரத்தில் கடிகாரம் வேகமாக ஓடும். ஆயிரம் மீட்டர் ஏறினால் நாளுக்கு 9.4 நானோ நொடி (நொடியில் நூறு கோடியில் ஒரு பங்கு ஒரு நானோ நொடி) கூடும், ஓராண்டில் 3.4 மைக்ரோ நொடி. இது கற்பனையே இல்லை, அளந்து பார்த்த இயற்பியல். உங்கள் கூடத்துக்கு வேண்டியது ஆறு சீசியம் கடிகாரம். சீசியம் அணுவின் 919 கோடியே 26 லட்சத்து 31 ஆயிரத்து 770 அதிர்வுதான் 1967 முதல் ஒரு நொடி. முதலில் ஆறையும் அடிவாரத்தில் பக்கத்தில் பக்கத்தில் வைத்து ஒரு மாதம் ஓடவிட்டு, ஒவ்வொன்றும் நாளுக்கு எவ்வளவு முந்துகிறது, பிந்துகிறது என்ற போக்கைக் குறிக்க வேண்டும். பிறகு மூன்றை, அணைக்காமல், பேட்டரியிலேயே 70 கொண்டை ஊசி வளைவும் ஏற்ற வேண்டும். ஏன் மும்மூன்று? இரண்டு மட்டும் இருந்து முரண்பட்டால் எது பிசகியது என்று தெரியாது. கடைசியில் கீழே கொண்டுவந்து மறுபடி ஒப்பிட வேண்டும். முன்பிருந்த போக்கு மாறியிருந்தால் மலைமேல் எடுத்த கணக்கு முழுக்கக் குப்பை.

உங்கள் தடயம் இங்கேதான் பிறக்க வேண்டும். நாளுக்கு 9.4 நானோ நொடி வர வேண்டிய இடத்தில் 40 வருகிறது என்று வையுங்கள். உடனே யாரும் மாற்று உலகம் என்று கூவக் கூடாது. மேலே உள்ள கடிகாரங்களையும் கீழே உள்ளவற்றையும் ஜிபிஎஸ் சிக்னல் வழியாக ஒப்பிடுவதாக வைத்துக்கொள்வோம். அதன் கேபிள் ஒரு மீட்டர் கூடினால் சுமார் 5 நானோ நொடி தாமதம். ஆனால் அது அப்படியே நிற்கும், நாளுக்கு நாள் வளராது. வளர்கிறதா, நிற்கிறதா என்பதுதான் முதல் சோதனை. தகரக் கூரையில் பட்டுத் திரும்பும் ஜிபிஎஸ் சிக்னல் அளவைக் குழப்பும். ஜிபிஎஸ்ஸின் சொந்த நேரம் உலக நேரத்தை விட 18 நொடி முன்னால் ஓடுகிறது, பூமியின் சுழற்சியோடு ஒத்துப்போக உலக நேரத்தில் அவ்வப்போது கூட்டிய லீப் நொடிகளை அது சேர்க்காததால். இதை மறந்தவருக்கு 18 நொடி முந்திய உலகம் இலவசமாகக் கிடைக்கும். 2011-ல் ஜெனீவா அருகேயுள்ள செர்ன் ஆய்வுக் கூடத்திலிருந்து 730 கிலோமீட்டர் தள்ளி இத்தாலிக்குப் போன நியூட்ரினோ என்ற நுண்துகள்கள் ஒளியை 60 நானோ நொடி முந்தியதாகச் செய்தி வந்து உலகமே அல்லோலகல்லோலப்பட்டது. முக்கியக் காரணம், ஒளியிழைக் கேபிளின் முனை ஒன்று சரியாகத் திருகப்படாதது. இந்தச் சந்தேகங்களை ஒவ்வொன்றாகச் சோதித்து நீக்குவதற்கே இரண்டு அத்தியாயம் கொடுங்கள். வாசகர் வியர்ப்பது அங்கேதான்.

மாற்று உலகம் என்ற கருத்துக்கு 1957-ல் அமெரிக்க இயற்பியலாளர் எவரெட் போட்ட அடித்தளத்தை (ஒவ்வொரு சாத்தியமும் தனித்தனிக் கிளையாக நடக்கிறது என்பதை) எடுத்துக்கொள்வதானால், பிரிந்துபோன உலகங்கள் ஒன்றையொன்று பார்க்க முடியாது. பிரியாமல் இருக்கும்வரை, ஒளி போகக்கூடிய இரண்டு வழியும் கலந்து தரும் வெளிச்ச, இருட்டுக் கோடுகளைத்தான் பார்க்கலாம். அதற்கு லேசர், ஒளியை இரண்டாகப் பிரிக்கும் கண்ணாடி, இரண்டு ஆடி போதும். 633 நானோ மீட்டர் சிவப்பு லேசரில் ஓர் ஆடி 158 நானோ மீட்டர் நகர்ந்தாலே வெளிச்சக்கோடு இருட்டாகிவிடும். அதிர்வு ஆகவே ஆகாது. 1887-ல் அமெரிக்க விஞ்ஞானிகள் மைக்கேல்சனும் மோர்லியும் இதே வகைக் கருவியைப் பாதரசத்தில் மிதக்கும் கல்மேல் வைத்தார்கள். நாமக்கல்லில் கிரானைட் பலகையும் லாரி டியூபும் போதும். டியூபில் காற்றை அரைகுறையாகத்தான் அடிக்க வேண்டும். இறுக அடித்தால் அதிர்வு அப்படியே மேலே ஏறும். கோடு திடீரென்று கலைந்தால், அக்கம்பக்கத்தில் யார் தோட்டத்திலாவது உங்கள் ஊர் ரிக் வண்டி போர் போடுகிறதா என்று விஞ்ஞானி முதலில் போன் பண்ணிக் கேட்கட்டும்.