அடியின் கடைசியில் எதுகையைத் தேடாதீர்கள்

கேள்வி: "விடியுமுன்னே பெரட்டுச் சத்தம் கேட்கிறது / மரங்களிலே வெள்ளைப்பால் சொட்டுகிறது" என்று தொடங்கும் என் ரப்பர்த் தோட்டக் கவிதையை (பெரட்டு – காலையில் வேலையாட்களைக் கூட்டிப் பேரெடுப்பது), எதுகை இல்லை என்று திருப்பி அனுப்பிவிட்டீர்கள். எல்லா அடியும் 'கிறது' என்றுதானே முடிகிறது? அது எதுகை இல்லையா?
– வாசகர், சுங்கை சிப்புட்

பதில்: இல்லை. அது இயைபு, அதாவது அடிகளின் கடைசி ஒத்து ஒலிப்பது; அதிலும் உழைப்பில்லாமல் வந்த இயைபு. தமிழில் வினைமுற்று வாக்கியத்தின் கடைசியில் நிற்கும். நிகழ்காலத்தில் நான்கு வாக்கியம் எழுதினாலே நான்கு 'கிறது' வந்து விழும். 'நடக்கிறது – கிடக்கிறது' என்று விகுதிக்கு முன்னுள்ள எழுத்துகளும் ஒத்தால்தான் காது அதை மதிக்கும். மெட்டுக்கு எழுதும்போது இயைபுக்குப் பெரிய வேலை உண்டு. மரபுக் கவிதையிலோ காது முதலில் கேட்பது அடியின் தொடக்கத்தை.

எதுகை அங்கேதான் இருக்கிறது. அடிகளின் முதற்சீரில் (சீர் என்பது அடியின் ஓசைத் துண்டு) இரண்டாம் எழுத்து ஒன்ற வேண்டும். முதலெழுத்து அளவில் ஒக்க வேண்டும். குறிலுக்குக் குறில், நெடிலுக்கு நெடில். பலர் சறுக்குவது இந்த இரண்டாம் நிபந்தனையில்தான். 'மங்கு' (பால் பிடிக்கும் கிண்ணம்) என்று தொடங்கினால் பங்கு, சங்கு, எங்கும் எல்லாம் சேரும். வாங்கு, தேங்கு சேராது. இரண்டாம் எழுத்து மெய்யானால் அதற்கடுத்த எழுத்தையும் பாருங்கள். கல்வி – செல்வம் நிறைவாக ஒலிக்கும். கல்வி – நெல்லி மெலிந்துவிடும். மரம் – நிரை போல ஒரே மெய்யின் வருக்கம் (ர, ரை) வருவதையும் இலக்கணம் ஏற்கிறது. ஆனால், பழகும் காலத்தில் அந்தச் சலுகையை எடுக்காதீர்கள்.

மோனை முதலெழுத்து ஒன்றுவது. அதே எழுத்துதான் வேண்டும் என்பதில்லை. அ, ஆ, ஐ, ஔ ஓரினம். இ, ஈ, எ, ஏ ஓரினம். உ, ஊ, ஒ, ஓ ஓரினம். மெய்யில் ச–த, ஞ–ந, ம–வ உறவு. உங்கள் அடிகளில் வி, ம என்று வந்தும் மோனை அமையாததற்குக் காரணம், இகரமும் அகரமும் வேறு இனம் என்பதே. நாற்சீர் அடியில் முதற்சீரும் மூன்றாம் சீரும் ஒன்றும் பொழிப்பு மோனைதான் எனக்கு மிக இனியது. நான்கு சீரிலும் வரும் முற்றுமோனையை அடிக்கடி வைத்தால் பொருள் திணறும்.

வெட்டிய பட்டையில் வெண்பால் கசியும்
சொட்டிடும் மங்கினில் சோறும் தெரியும்

வெட்டிய – சொட்டிடும் எதுகை. வெட்டிய – வெண்பால், சொட்டிடும் – சோறும் மோனை. கசியும் – தெரியும் இயைபு. முரண், அளபெடை ஆகிய தொடைகளும் (அடிகளைத் தொடுக்கும் முறைகள்) உண்டு; உங்கள் கேள்விக்கு அவை தேவையில்லை.

உங்கள் இரண்டாம் அடியில் 'மரங்களிலே' என்பதை 'அடிமரத்தில்' என்று மாற்றுங்கள். விடி – அடி எதுகை கிடைத்துவிடும். பால் வெட்டுவதும் அடிமரத்தில்தான் என்பதால் பொருளும் கெடாது. மற்ற அடிகளையும் இப்படிப் பார்த்து, 'கிறது'களில் பாதியைக் குறைத்து, மறுபடி அனுப்புங்கள்.