கேள்வி – பதில்: ஹார்ட்டில்பூலில் தொடங்கிய மேலாளர்

சென்ற இதழில் ஒரு கேள்விக்குப் பதில் சொல்லும்போது, பிரையன் கிளஃப் என்ற ஆங்கிலேயக் கால்பந்து மேலாளரின் பெயரை மட்டும் குறிப்பிட்டு, விரிவாகப் பின்னர் எழுதுவதாகச் சொல்லியிருந்தேன். அதைப் பிடித்துக்கொண்டு பொருநைக் கரை வாசகர்கள் கடிதங்களைக் குவித்துவிட்டார்கள். ஆகவே இந்த வாரப் பகுதி முழுவதும் அவருக்கே.

பாளையங்கோட்டை வாசகர்: வ.உ.சி. மைதானத்தில் மாலை நேரத்தில் சிறுவர்களுக்குக் கால்பந்து பழக்கி வருகிறேன். நான் மாவட்ட அணிக்கு மேல் ஆடியவன் அல்லன். பெரிதாக ஆடியவர்தாம் நல்ல மேலாளராக முடியும் என்று பெற்றோர் சிலர் சொல்கிறார்கள். கிளஃப் அவர்கள் கட்சியா, என் கட்சியா?

பதில்: முதலில் அவர்கள் கட்சியைச் சொல்லிவிடுகிறேன். 1935-இல் மிடில்ஸ்பரோவில் பிறந்த கிளஃப், அந்த ஊர் அணிக்காகவும் பிறகு சண்டர்லாந்துக்காகவும் 274 லீக் ஆட்டங்களில் 251 கோல் அடித்தார். ஆட்டத்துக்கு ஒரு கோல் என்ற கணக்கை ஏறத்தாழ எட்டிப்பிடிக்கும் முன்கள ஆட்டக்காரர் எந்தக் காலத்திலும் அரிது. ஆனால் அந்தக் கோல்களில் ஒன்றே ஒன்றைத் தவிர எல்லாம் இரண்டாம் டிவிஷனில், அதாவது உச்சநிலையான முதல் டிவிஷனுக்கு அடுத்த படியில், அடித்தவை என்பதையும், இங்கிலாந்து அணிக்காக அவர் ஆடியவை இரண்டே ஆட்டங்கள் என்பதையும் சேர்த்துத்தான் பார்க்க வேண்டும்.

1962 டிசம்பர் 26-ஆம் நாள், உறைந்து இறுகிக் கிடந்த சண்டர்லாந்து மைதானத்தில், பரி அணியின் கோல்கீப்பரோடு மோதியதில் அவருடைய முழங்கால் ஜவ்வுகள் கிழிந்தன. ஒன்றரை ஆண்டுக்கும் மேலாகப் போராடித் திரும்பி வந்தவரால் மூன்று ஆட்டங்களுக்கு மேல் தாக்குப்பிடிக்க முடியவில்லை. 29 வயதில் ஆட்டம் முடிந்தது. சண்டர்லாந்து அவரை இளைஞர் அணிக்குப் பயிற்சி தர வைத்தது. உங்களைப் போலச் சிறுவர்களோடு நின்ற அந்தச் சில மாதங்கள்தாம் அவருக்கு இந்தத் தொழிலைக் காட்டின.

1965 அக்டோபரில், 30 வயதில், ஹார்ட்டில்பூல்ஸ் யுனைடெட் என்ற கடலோரச் சிற்றூர் அணிக்கு அவர் மேலாளர் ஆனார். நான்காம் டிவிஷனின் கடைசி நான்கு இடங்களில் முடிக்கும் அணிகள், அடுத்த ஆண்டும் லீக்கில் இருக்கலாமா என்று மற்ற அணிகளின் வாக்கைக் கேட்டு நிற்க வேண்டிய காலம் அது. ஹார்ட்டில்பூல்ஸ் அப்படிப் பலமுறை நின்ற அணி. அணியின் பேருந்தைத் தாமே ஓட்டக் கிளஃப் உரிமம் எடுத்து வைத்துக்கொண்டார். கையில் பணமில்லாத நிர்வாகத்துக்காகச் சில காலம் சம்பளம் வாங்காமலும் வேலை பார்த்தார். இரண்டாவது பருவத்தில் அணி எட்டாம் இடத்துக்கு ஏறியது.

அங்கிருந்து 1967-இல் டெர்பி கவுன்ட்டி. அது இரண்டாம் டிவிஷனில் தேங்கிக் கிடந்த அணி. 1969-இல் அந்த டிவிஷனை வென்று மேலேறி, 1972-இல் இங்கிலாந்தின் முதல் டிவிஷன் பட்டத்தையே கைப்பற்றியது. பட்டம் உறுதியான அன்று டெர்பி ஆடவே இல்லை. தன் ஆட்டங்களை எல்லாம் முடித்துவிட்டு ஆட்டக்காரர்கள் மயோர்க்கா தீவில் விடுமுறையில் இருந்தார்கள். கிளஃப் தம் குடும்பத்தோடு சில்லித் தீவுகளில் இருந்தார். லீட்ஸும் லிவர்பூலும் அன்றிரவு தத்தம் கடைசி ஆட்டங்களில் வெல்லத் தவறியதால் கோப்பை டெர்பிக்கு வந்தது.

பதிலுக்கு வருகிறேன். கோல் அடிக்கும் திறமையை அவர் எந்த அணிக்கும் கற்றுக்கொடுத்ததாகத் தெரியவில்லை. பந்தைத் தரையில் வைத்து ஆடு, நடுவரோடு வாதாடாதே, உன்னால் முடிந்ததை மட்டும் செய் என்பவைதாம் அவர் பாடங்கள். அவற்றைச் சொல்ல 251 கோல் தேவையில்லை. ஆகவே என் ஓட்டு உங்களுக்கு.

தென்காசி வாசகர்: மேலாளர், பயிற்சியாளர் இருவரும் ஒருவர்தாமே? இரண்டு பெயர் எதற்கு?

பதில்: நம் பள்ளிகளில் பி.டி. வாத்தியாரே ஆளைத் தேர்ந்தெடுத்து, பழக்கி, போட்டிக்கு வேன் பிடித்துக் கூட்டிப் போவதால் இந்தக் குழப்பம் இயல்பே. கிளஃப் காலத்து இங்கிலாந்தில் அன்றாடப் பயிற்சியைக் கவனிக்கத் தனி ஆள் உண்டு. யாரை வாங்குவது, யாரை விற்பது, சனிக்கிழமை ஆட்டத்தில் யாரை இறக்குவது, இளைஞர் அணியை எப்படி வளர்ப்பது என்பவை மேலாளரின் பொறுப்பு. கிளஃப் வாரத்தில் சில நாள் பயிற்சித் திடலுக்கு வராமலே இருந்ததும் உண்டு. இன்று பெரிய அணிகளில் ஆள் வாங்க விளையாட்டு இயக்குநர் என்று ஒருவரை வைத்துவிட்டார்கள். மேலாளரின் அதிகாரம் பாதியாகிவிட்டது.

நாங்குநேரி வாசகர்: கிளஃபின் வெற்றியில் பாதி பீட்டர் டெய்லர் என்பவருடையது என்று படித்தேன். யார் அவர்?

பதில்: மிடில்ஸ்பரோவில் கிளஃபோடு ஆடிய கோல்கீப்பர், அவரைவிட ஏறக்குறைய ஏழு வயது மூத்தவர். கிளஃப் இரண்டாம் நிலை அணியில் கிடந்தபோதே இவன் பெரிய ஆள் என்று கண்டு சொன்னவர். ஆட்டக்காரரைக் கண்டுபிடிப்பது டெய்லர் வேலை, அவரிடமிருந்து ஆட்டத்தை வாங்குவது கிளஃப் வேலை என்று இருவரும் பிரித்துக்கொண்டார்கள்.

1975 ஜனவரியில் கிளஃப் நாட்டிங்காம் ஃபாரஸ்டுக்குத் தனியாகப் போனபோது அந்த அணி இரண்டாம் டிவிஷனில் 13-ஆம் இடத்தில் இருந்தது. அந்தப் பருவத்தை 16-ஆம் இடத்தில் முடித்தது. 1976-இல் டெய்லர் வந்து சேர்ந்தார். 1977-இல் மூன்றாம் இடம் பிடித்து முதல் டிவிஷனுக்கு ஏறிய அணி, அடுத்த ஆண்டே பட்டம் வென்றது. 1979-இல் மியூனிக்கில் மால்மோவையும் 1980-இல் மாட்ரிட்டில் ஹாம்பர்கையும் ஒரு கோல் வித்தியாசத்தில் வீழ்த்தி ஐரோப்பியக் கோப்பையை இருமுறை கொண்டுவந்தது. 1977 நவம்பர் முதல் 1978 டிசம்பர் வரை 42 லீக் ஆட்டங்களில் அது தோற்கவே இல்லை.

இதைச் செய்த ஆட்டக்காரர்கள் யார் என்று பார்த்தால் டெய்லரின் கண் தெரியும். கென்னி பர்ன்ஸ் பர்மிங்காமில் முன்களத்தில் ஆடிய முரடர். சூதாடுபவர் என்ற பெயரும் உண்டு. அது எவ்வளவு உண்மை என்று பார்க்க நாய்ப் பந்தயத் திடல் வரைக்கும் டெய்லர் அவரைப் பின்தொடர்ந்து போனார் என்று ஒரு கதை சொல்வார்கள். வாங்கி வந்து தற்காப்பில் நிறுத்தினார்கள். 1978-இல் கால்பந்து எழுத்தாளர்களின் ஆண்டுச் சிறந்த ஆட்டக்காரர் விருது அவருக்குத்தான். ஜான் ராபர்ட்சன் விற்பனைப் பட்டியலில் இருந்த, உடல் பெருத்த, அழுக்குச் சட்டைக்காரர். 1979 இறுதியாட்டத்தில் ட்ரெவர் ஃபிரான்சிஸ் அடித்த கோலுக்குப் பந்து கொடுத்தவரும், 1980 இறுதியாட்டத்தின் ஒரே கோலை அடித்தவரும் அவரே.

அந்த ராபர்ட்சனாலேயே நட்பு முறிந்தது. 1982-இல் ஃபாரஸ்டை விட்ட டெய்லர், பிறகு டெர்பிக்கு மேலாளராகி, 1983-இல் கிளஃபுக்குச் சொல்லாமல் ராபர்ட்சனை வாங்கிவிட்டார். அதன்பின் இருவரும் பேசிக்கொள்ளவே இல்லை. 1990-இல் டெய்லர் இறந்தார். டெய்லர் ஃபாரஸ்டை விட்டுப் போன பிறகு கிளஃப் 1989, 1990 ஆகிய ஆண்டுகளில் லீக் கோப்பை என்ற தனிப் போட்டியை வென்றார். லீக் பட்டம் மட்டும் திரும்ப வரவில்லை. பாதி என்று நீங்கள் படித்தது மிகையன்று.

வீரவநல்லூர் வாசகர்: இவ்வளவு பெரியவரை லீட்ஸ் அணி 44 நாளில் வீட்டுக்கு அனுப்பியது ஏன்?

பதில்: 1974 ஜூலையில் லீட்ஸ் நடப்புச் சாம்பியன். அணியை 13 ஆண்டு வளர்த்த டான் ரெவீ இங்கிலாந்து அணியின் மேலாளராகப் போனதால் நாற்காலி காலியானது. அந்த அணி முரட்டுத்தனமாக ஆடுகிறது, நடுவரை ஏய்க்கிறது என்று தொலைக்காட்சியிலும் பத்திரிகையிலும் ஆண்டுக்கணக்கில் சாடியவர் கிளஃப். அவரையே அழைத்து அந்த நாற்காலியில் உட்கார வைத்த நிர்வாகத்தை என்னவென்று சொல்வது! அவரும் அதே வாயோடு போனார். நேர்மையாக வென்றவை அல்ல என்பதால் உங்கள் பதக்கங்களை எல்லாம் குப்பைக்கூடையில் போடுங்கள் என்று முதல் கூட்டத்திலேயே சொன்னார் என அந்த ஆட்டக்காரர்கள் பின்னாளில் நினைவுகூர்ந்திருக்கிறார்கள். தம் மேலாளரைத் தகப்பனைப் போல நினைத்திருந்தவர்களிடம் பேசுகிற பேச்சா அது? டெய்லரும் கூட வரவில்லை; டெர்பிக்குப் பின் இருவரும் சேர்ந்து பார்த்துவந்த பிரைட்டன் அணியிலேயே தங்கிவிட்டார்.

லிவர்பூலுக்கு எதிராகப் பருவத் தொடக்கத்தில் நடந்த சேரிட்டி ஷீல்டு ஆட்டத்தில் லீட்ஸ் அணித்தலைவர் பில்லி பிரெம்னர் கைகலப்பில் வெளியேற்றப்பட்டு 11 ஆட்டங்களுக்குத் தடை பெற்றார். முதல் ஆறு லீக் ஆட்டங்களில் ஒரே வெற்றி. செப்டம்பர் 12-ஆம் நாள் நிர்வாகம் கிளஃபைக் கணிசமான இழப்பீடு கொடுத்து அனுப்பியது. அதே ஆட்டக்காரர்கள் ஜிம்மி ஆர்ம்ஃபீல்டின் கீழ் அந்தப் பருவத்திலேயே ஐரோப்பியக் கோப்பையின் இறுதியாட்டம் வரை போனார்கள். ஆகவே பழுது ஆட்டக்காரரிடம் இல்லை. யாரும் சீந்தாத அணியில் கிளஃபின் கடுஞ்சொல் மருந்தாக இருந்தது. எல்லாம் வென்று முடித்தவர்களிடம் அது வெறும் அவமதிப்பாயிற்று.

களக்காடு வாசகர்: இங்கிலாந்து அணிக்கு அவரை ஏன் போடவில்லை?

பதில்: 1977-இல் ரெவீ விலகியதும் நேர்காணலுக்கு அழைத்தார்கள், வேலையை ரான் கிரீன்வுட்டுக்குக் கொடுத்தார்கள். கிளஃபின் நாக்கைக் கண்டு இங்கிலாந்துக் கால்பந்துச் சங்கத்துப் பெரியவர்கள் பயந்தார்கள் என்பதே பொதுவான பேச்சு. டெர்பி நிர்வாகத்தோடு மோதி 1973-இல் அவர் ராஜினாமா செய்த விதத்தைப் பார்த்தால் அந்தப் பயத்தைக் குறை சொல்ல முடியாது.

சேரன்மகாதேவி வாசகி: கல்லூரி அணியில் ஆடும் என் மகனுக்கு முழங்கால் ஜவ்வு கிழிந்துவிட்டது. இனி ஆட முடியாது என்று அழுகிறான். கிளஃபைப் போலப் பயிற்சியாளராகப் போகச் சொல்லலாமா ஐயா?

பதில்: அவசரப்படாதீர்கள் அம்மா. 1962-இல் அந்தக் காயத்துக்கு நல்ல வைத்தியம் கிடையாது. இன்று சிறு துளை வழியாகக் கருவி செலுத்தி, உடலின் வேறோர் இடத்துத் தசைநாரை எடுத்துப் புதிய ஜவ்வாகப் பொருத்துகிறார்கள். ஒன்பது மாதமோ அதற்கு மேலோ முறையாக உடற்பயிற்சி சிகிச்சை செய்தபின் களத்துக்குத் திரும்பியவர்கள் ஏராளம். எல்லாக் கிழிசலுக்கும் அறுவைச் சிகிச்சை வேண்டியதில்லை. எலும்பு மூட்டு மருத்துவர் ஸ்கேன் பார்த்துச் சொல்லட்டும். வலி குறைந்துவிட்டது என்று பாதியில் மைதானத்துக்கு ஓட மட்டும் விடாதீர்கள்.

அந்த ஓய்வுக் காலத்தில் அவனுக்கு விருப்பம் இருந்தால், அகில இந்தியக் கால்பந்துக் கூட்டமைப்பின் தொடக்கநிலை ‘டி’ உரிமப் பயிற்சி பற்றி விசாரித்து வைக்கலாம். களத்தில் செய்முறையும் உண்டு என்பதால் கால் தேறிய பிறகு சேர்வது நல்லது. அதுவரை, மேலே எழுதியிருக்கும் பாளையங்கோட்டை அன்பர் மாலையில் வ.உ.சி. மைதானத்தில்தான் இருப்பார், அவர் பக்கத்தில் ஒரு நாற்காலி போட்டு உட்கார்ந்து பார்க்கட்டும்.