தேசியச் சாம்பியன்ஷிப்பில் தோற்ற ஓட்டக்காரர் அதே ஆண்டு ஒலிம்பிக்கில் தங்கம் வென்றதுண்டா?

உண்டு. அதுவும் ஒன்றல்ல, இரண்டு இறுதிப் போட்டிகளில் தோற்றவர். 1948இல் மில்வாக்கி நகரில் நடந்த அமெரிக்கத் தேசியத் தடகளச் சாம்பியன்ஷிப்பைச் சொல்கிறேன். ஆள், ஹாரிசன் டில்லர்ட்.

கல்லூரி நாட்களில் நானும் தடை ஓட்டம் ஓடியவன். சொல்லிக்கொள்ளும்படி எதுவும் சாதிக்கவில்லை. ஆனால் அந்த ஓட்டத்தில் ஒரு வினாடியில் என்னென்ன கெட்டுப்போகலாம் என்பது காலுக்குத் தெரியும். அதனால்தான் டில்லர்டின் கதையில் எனக்குத் தனிப் பிடிப்பு.

கிளீவ்லாந்தில் பிறந்தவர். 1936இல் பெர்லினிலிருந்து தங்கங்களோடு திரும்பிய ஜெஸ்ஸி ஓவன்ஸுக்கு ஊர் எடுத்த வரவேற்பு ஊர்வலத்தைப் பார்த்தபோது அவருக்கு 13 வயது. பிறகு ஓவன்ஸ் படித்த அதே பள்ளியில் படித்தார். ஓடவேண்டிய வயதில் போர் வந்துவிட்டது. கறுப்பினச் சிப்பாய்களைத் தனியாகப் பிரித்து வைத்திருந்த 92ஆம் காலாட்படைப் பிரிவில் இத்தாலியில் பணியாற்றினார். திரும்பி வந்து 1946, 1947 இரண்டு ஆண்டுகளும் தேசியச் சாம்பியன் ஆனார். 1947 கோடையிலிருந்து 1948 கோடை வரை தொடர்ந்து 82 வெற்றிகள். 120 கெஜத் தடை ஓட்டத்தில் 13.6 வினாடி என்ற உலக சாதனையும் கையில் இருந்தது.

இப்படிப்பட்டவர் மில்வாக்கிக்கு வந்து, 100 மீட்டர், 110 மீட்டர் தடை ஓட்டம் இரண்டுக்கும் பெயர் கொடுத்தார். ஒரு மணி நேரத்தைச் சற்றே தாண்டிய இடைவெளிக்குள் தகுதிச் சுற்றும் இறுதியுமாக நான்கு ஓட்டங்கள். 100 மீட்டரில் பார்னி இவெல் முந்தினார். களைத்த காலோடு தடை ஓட்டத்துக்குப் போனால் அங்கே பில் போர்ட்டர். வெற்றித் தொடர் அன்றோடு முடிந்தது.

இரண்டிலும் ஓடியது பேராசை என்று எழுதுபவர்கள் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. இவெல் போன்றவர்களோடு மோதிப் பார்த்த அனுபவம்தான் அடுத்து வந்த சோதனையில் அவரைக் காப்பாற்றியது.

சோதனை என்றது எவன்ஸ்டனில் ஜூலையில் நடந்த ஒலிம்பிக் தேர்வுப் போட்டி. அமெரிக்க விதியில் ஈவு இரக்கம் கிடையாது: அன்று முதல் மூன்று இடம் பிடிப்பவர்களுக்குத்தான் டிக்கெட். உலக சாதனை, பழைய பட்டம் எதுவும் செல்லாது. டில்லர்ட் தடையில் காலைத் தட்டிவிட்டார். இந்த ஓட்டத்தில் 106.7 சென்டிமீட்டர் உயரத்தில் பத்துத் தடைகள். ஒவ்வொன்றுக்கும் இடையே 9.14 மீட்டர், சரியாக மூன்று காலடி எட்டுகள். ஒரு தடை இடறி, எடுத்துவைக்கும் எட்டு அரையடி குறைந்தாலும், அடுத்ததற்கு எங்கே காலை ஊன்றித் தாவுவது என்றே தெரியாமல் போய்விடும். இடறல்மேல் இடறலாகப் போய், டில்லர்ட் எல்லைக்கோடு வரை ஓடவே இல்லை. உலகின் தலைசிறந்த தடை ஓட்டக்காரருக்குத் தடை ஓட்ட அணியில் இடமில்லை!

ஆனால் 100 மீட்டரில் இவெல், மெல் பேட்டன் இருவருக்கும் பின்னால் மூன்றாவதாக வந்திருந்தார். லண்டனுக்குப் போக அது போதுமாக இருந்தது.

லண்டன் இறுதியில் ஓரப் பாதையில் ஓடினார். கோட்டைக் கடந்ததும் தானே வென்றதாக நினைத்து இவெல் துள்ளிக் குதித்தார். புகைப்படத்தைப் பார்த்த பிறகு தங்கம் டில்லர்டுக்கு என்று அறிவித்தார்கள். நேரம் 10.3 வினாடி. தொடர் ஓட்டத்திலும் தங்கம். அங்கேயும் ஒரு கூத்து நடந்தது. கோல் மாற்றியது எல்லைக்கு வெளியே என்று சொல்லி அமெரிக்க அணியை முதலில் நீக்கினார்கள். பிறகு படச்சுருளை ஓட்டிப் பார்த்து, பிரிட்டனுக்குப் போயிருந்த தங்கத்தைத் திருப்பிக் கொடுத்தார்கள். தடை ஓட்டத்தில் போர்ட்டர் 13.9 வினாடியில் வென்றார். மூன்று பதக்கங்களும் அமெரிக்கர்களுக்கே.

இதை அதிர்ஷ்டக் கதையாகச் சொல்வதுதான் எனக்குப் பிடிக்காதது. தேர்வுக் குழு ஒன்று மேசையில் உட்கார்ந்து முடிவு செய்திருந்தால் என்ன ஆகியிருக்கும்? 82 வெற்றிகளைக் காட்டி டில்லர்டைத் தடை ஓட்டத்தில் சேர்த்திருப்பார்கள், வேறொருவர் வயிற்றில் அடித்து. 100 மீட்டருக்கு அவர் பெயரை யாரும் யோசித்திருக்கவே மாட்டார்கள். அந்தக் கொடுமையான விதிதான் ஒரு கையால் பறித்ததை இன்னொரு கையால் கொடுத்தது.

தடை ஓட்டக் கணக்கை அவர் 1952இல் ஹெல்சிங்கியில் தீர்த்துக்கொண்டார்: 110 மீட்டரில் 13.7 வினாடி, தங்கம். இரண்டாவதாக வந்த ஜாக் டேவிஸுக்கும் அதே 13.7தான். ஒலிம்பிக்கில் 100 மீட்டர், 110 மீட்டர் தடை ஓட்டம் இரண்டிலும் தங்கம் வென்ற ஆண், இதுவரை அவர் ஒருவரே.