தேள் குச்சிக்குப் பணம் கட்டாதீர்கள்: சீனத் தெருவுணவு உலா பற்றிய கேள்விகள்

கேள்வி: குடும்பத்தோடு பெய்ஜிங் போகிறோம். ‘விசித்திரமான பத்துப் பாரம்பரியத் தெருவுணவுகள்’ என்று ஒரு மாலை நேர உலா, மூன்று மணி நேரம், தலைக்கு 500 யுவான். விளம்பரப் படத்தில் குச்சியில் குத்திய தேளும் நட்சத்திர மீனும் இருக்கின்றன. நான்கு பேருக்குக் கணக்குப் போட்டால் சுமார் 24,000 ரூபாய் வருகிறது. கட்டலாமா, நாங்களே தெருவில் இறங்கிச் சாப்பிடலாமா? (சென்னை வாசகர்)

பதில்: இந்த உலாவுக்குக் கட்ட வேண்டாம். வேறு நல்ல உலா கிடைத்தால் தாராளமாகக் கட்டலாம்.

தேள், கடல்குதிரை, நட்சத்திர மீன் குச்சிகளெல்லாம் பெய்ஜிங்காரர்கள் சாப்பிட்டு வளர்ந்தவை அல்ல. வாங்ஃபுஜிங் கடைவீதிப் பக்கத்தில் தோங்ஹுவாமென் இரவுச் சந்தை என்று ஒன்று 1984 முதல் நடந்தது. போகப் போக அது சுற்றுலாப் பயணிகள் படம் எடுத்துக்கொள்ளும் இடமாக மாறிவிட்டது. சத்தம், குப்பை, சுகாதாரம் பற்றிய புகார்களுக்குப் பிறகு 2016 ஜூனில் அதை மூடிவிட்டார்கள். இன்னமும் அந்தப் படத்தைக் காட்டி ஆள் சேர்ப்பவர் ஊர்ச் சாப்பாட்டை விற்கவில்லை, நம் அதிர்ச்சியை விற்கிறார். பூச்சி தின்பதே பொய் என்று நான் சொல்லவில்லை. தென்மேற்கே யுன்னான் மாகாணத்தில் வறுத்த மூங்கில் புழு ஊர்க்காரர்கள் விரும்பிச் சாப்பிடுவது. அதை அங்கே போய்ச் சாப்பிடுங்கள்.

பெய்ஜிங்கிலேயே உண்மையில் விசித்திரமானவை நிறைய உண்டு. முதலில் தௌஜி. பாசிப்பயறை அரைத்து மாவுச்சத்தைப் பிரித்தெடுத்த பிறகு மிஞ்சும் நீரைப் புளிக்கவைத்துச் சூடாகக் குடிக்கிறார்கள். நம் நீராகாரம் போன்ற புளிப்புதான், ஆனால் வாடை பல மடங்கு கடுமை. கூடவே மொறுமொறுவென்று பொரித்த மாவு வளையமும் ஊறுகாய்க் கீற்றும் தருவார்கள். மற்ற ஊர்ச் சீனர்களே முகம் சுளிப்பார்கள். பழைய பெய்ஜிங்காரர்களோ காலையில் அது இல்லாமல் இருக்கமாட்டார்கள். அப்புறம் பாவ்தூ: ஆட்டு இரைப்பையையும் மாட்டு இரைப்பையையும் கொதிநீரில் சில விநாடிகள் மட்டும் முக்கி எடுத்து, எள் விழுதில் தோய்த்துச் சாப்பிடுவது. இரைப்பையின் ஒவ்வொரு பகுதிக்கும் தனிப் பெயர், தனி விநாடிக் கணக்கு. கொஞ்சம் தாண்டினால் ரப்பராகிவிடும். ஹுய் முஸ்லிம் குடும்பங்களின் கைத்தொழில் இது. பன்றிக் குடலும் நுரையீரலும் போட்டுக் கொதிக்கவைத்து, அதிலேயே தடித்த ரொட்டியை வெட்டிப்போட்டுத் தரும் லூஜூ இன்னொன்று.

சரி, 500 யுவான் எதற்கு? இந்தப் பண்டங்களில் பெரும்பாலானவை தட்டு ஐந்து யுவானிலிருந்து முப்பது யுவானுக்குள் கிடைக்கும். நீங்களே வாங்கினால் தலைக்கு 100 யுவானைச் சுற்றித்தான் ஆகும். மீதிப் பணம் கைடுக்கு. அந்தப் பணத்துக்கு அவரிடமிருந்து மூன்று வேலைகள் கிடைக்கவேண்டும். ஒரு தட்டை நான்கு பேருக்குப் பிரித்து வாங்கித் தருவது, ஏனென்றால் தனியாகப் போனால் இரண்டாவது கடையிலேயே வயிறு நிரம்பிவிடும். கடைக்காரரிடம் பேசி, எந்தப் பகுதி, எப்படிச் சமைத்தது என்று நமக்குச் சொல்வது. ஆங்கிலப் பலகை இல்லாத சந்துக்குள் தைரியமாக அழைத்துப்போவது. இந்த மூன்றும் கிடைத்தால் 400 முதல் 600 யுவான் நியாயம்தான். பெரிய நகரங்களில் நல்ல உலாக்களுக்கு ஏறக்குறைய இதுதான் விலை.

பணம் கட்டும் முன் ஒரு செய்தி அனுப்பிக் கேளுங்கள்: எந்தப் பேட்டைக்குப் போகிறீர்கள், அங்கே என்னென்ன சாப்பிடுவோம்? நியூஜியே தெரு, தௌஜி, பாவ்தூ என்று திட்டமாகப் பதில் வந்தால் நம்பலாம். ‘சர்ப்ரைஸ்’ என்று வந்தால் விட்டுவிடுங்கள். குழுவில் அதிகபட்சம் எத்தனை பேர் என்பதையும் கேட்டுவிடுங்கள். எட்டுப் பேருக்கு மேல் போனால் சின்னக் கடைக்குள் நுழையவே முடியாது, பெரிய உணவகத்துக்குத்தான் கூட்டிப்போவார்கள். சாப்பாட்டு விலை முழுதும் கட்டணத்தில் அடக்கமா, எத்தனை மணி நேரம் முன்பு ரத்து செய்தால் முழுப்பணம் திரும்பும், இவையெல்லாம் எழுத்தில் வேண்டும். முடிந்தால் காலை உலாவாக எடுங்கள். தௌஜியும் சூடான தினை மாவுக் கஞ்சியும் காலைச் சாப்பாடு. மாலை உலாக்களில் இவை விடுபட்டுப்போகும்.

பயணத்தின் முதல் நாளிலேயே உலாவை வைத்துக்கொள்ளுங்கள். அன்று கற்றுக்கொள்வதை வைத்து மீதி நாட்களில் நீங்களே சாப்பிட்டுக்கொள்ளலாம்.

கேள்வி: என் மனைவி சைவம். நான் அசைவம், ஆனால் மாட்டிறைச்சி சாப்பிடமாட்டேன். சியான் நகரின் முஸ்லிம் குடியிருப்பில் நடக்கும் உலாவில் சேரலாம் என்றிருக்கிறோம். பன்றி இல்லாத இடம் என்பதால் எனக்குச் சிக்கல் இல்லைதானே? (கோயம்புத்தூர் வாசகர்)

பதில்: பன்றி இருக்காது, மாடு நிறைய இருக்கும். ‘சிங்ஜென்’ என்று எழுதிய கடைகள் ஹலால் கடைகள். சியானில் அவற்றின் அடுப்பில் ஆடும் மாடும் சேர்ந்தேதான் வேகும். ரொட்டியைக் கையால் பிய்த்துப்போட்டுச் சாப்பிடும் பாவ்மோ ஆட்டுக் குழம்பிலும் கிடைக்கும், மாட்டுக் குழம்பிலும் கிடைக்கும். ஆகவே ‘ஆடு மட்டும், மாடு கூடாது, மாட்டு எலும்புச் சாறும் கூடாது’ என்று புக்கிங் செய்யும்போதே எழுதிவிடுங்கள். நடுத்தெருவில் நின்று சொன்னால் கைடு அவசரத்தில் ஏதோ ஒன்றைக் கையில் கொடுத்துவிடுவார்.

உங்கள் மனைவிக்கு அதே கட்டணம் கட்டுவது நஷ்டம். அங்கே சைவமாக நல்ல பண்டங்கள் உண்டு. ஒட்டரிசியும் பேரீச்சம்பழம் போன்ற செந்நிறச் சீன இலந்தையும் அடுக்கி ஆவியில் வேகவைத்த ஜெங்காவ், பழுத்த சீமைப் பனிச்சையை மாவோடு பிசைந்து பொரித்த இனிப்பு வடை, குச்சியில் செருகிய கண்ணாடிக் கேக். எல்லாமே இனிப்பு என்பதுதான் சங்கடம். காரப் பண்டங்கள் பலவற்றில் குழம்பு, எலும்புச் சாறு, கொழுப்பு என்று ஏதாவது ஒன்று கலந்திருக்கும். மற்ற ஊர்களிலும் கீரைப் பொரியல் என்று தருவதில் பன்றிக் கொழுப்பு ஊற்றுவது சாதாரணம். ‘இறைச்சி இல்லை’ என்று கடைக்காரர் சொல்வது பொய்யல்ல. துண்டு இல்லை என்பதைத்தான் அவர் சொல்கிறார். சைவக்காரருக்கு மாற்றுப் பட்டியல் எழுதித் தரும் உலாவாகப் பாருங்கள். தர மறுத்தால் நீங்கள் மட்டும் சேர்ந்துகொள்ளுங்கள். பௌத்தக் கோவில்களை ஒட்டிய சைவ உணவகங்களுக்கு இன்னொரு வேளை இருவரும் சேர்ந்து போகலாம். அங்கே பூண்டு, வெங்காயம்கூடப் பெரும்பாலும் இருக்காது.

கேள்வி: ஒரு பயண நிறுவனம் மூலம் உணவு உலாவுக்குப் போனேன். பாதியில் கைடு ஒரு தேயிலைக் கடைக்குள் கூட்டிப்போய் ஒரு மணி நேரம் உட்காரவைத்து, 900 யுவானுக்குத் தேயிலை வாங்கவைத்துவிட்டார். முடிந்ததும் டிப்ஸும் கேட்டார். சிங்கப்பூர் திரும்பி இரண்டு வாரம் ஆகிறது. ஏதாவது செய்ய முடியுமா? (சிங்கப்பூர் வாசகர்)

பதில்: முடியும், ஆனால் உடனே செய்யுங்கள். சீனாவின் சுற்றுலாச் சட்டம் 2013 அக்டோபர் 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. நியாயமற்ற குறைந்த விலையில் ஆளைச் சேர்த்துவிட்டு, கடையில் வாங்கவைத்துக் கமிஷன் பார்ப்பதை அதன் 35ஆம் பிரிவு தடை செய்கிறது. அப்படி நடந்தால், பயணம் முடிந்து 30 நாட்களுக்குள் பயண நிறுவனத்திடம் பொருளைத் திருப்பிக் கொடுக்கும்படி கேட்கலாம். அந்த நிறுவனமே முதலில் பணத்தைத் தந்தாகவேண்டும். கைடு டிப்ஸ் கேட்பதையும் அதே சட்டம் 41ஆம் பிரிவில் தடுக்கிறது. உங்களிடம் இன்னும் இரண்டு வாரம் இருக்கிறது. ரசீது, புக்கிங் உறுதிச் செய்தி, தேயிலைப் பொட்டலத்தின் படம் எல்லாவற்றையும் இணைத்து நிறுவனத்துக்கு எழுதுங்கள். பொட்டலத்தைப் பிரிக்காதீர்கள். பதில் இல்லையென்றால் புக்கிங் செய்த தளத்திடமும், கார்டில் கட்டியிருந்தால் வங்கியிடமும் புகார் வையுங்கள். சீனாவுக்குள் இருக்கும்போதே இப்படி நடந்தால் 12345 என்ற அரசு எண்ணையோ, நுகர்வோர் புகாருக்கான 12315 எண்ணையோ அழைக்கலாம். சீன மொழி பேசும் ஓட்டல் ஊழியர் ஒருவரைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு பேசுவது நல்லது.

நிறுவனம் வழியாகப் போனதால்தான் உங்களுக்கு இந்தப் பிடி கிடைத்தது. தெருவில் சந்தித்த தனி ஆளிடம் பணத்தைக் கொடுத்திருந்தால் யாரிடம் கேட்பது? சீனாவில் கைடு வேலைக்கு உரிம அட்டை வேண்டும். முதல் சந்திப்பிலேயே அதைக் காட்டச் சொல்லலாம், தவறில்லை. ஷாங்காயின் நான்ஜிங் சாலையிலும் பெய்ஜிங்கின் வாங்ஃபுஜிங்கிலும் ‘மாணவர்கள்’ இனிமையாகப் பேசித் தேநீர் குடிக்க அழைத்தால் மறுத்துவிடுங்கள். பில் ஆயிரங்களில் வரும். பல வருடங்களாக நடக்கும் ஏமாற்று இது.

கேள்வி: உலாவில் போகும் கடைகள் சுத்தமானவை என்று எப்படித் தெரிந்துகொள்வது? (யாழ்ப்பாணம் வாசகர்)

பதில்: கடைக்குள் சுவரில் உரிமத்துக்குப் பக்கத்தில் ஒரு முகப் படம் இருக்கிறதா என்று பாருங்கள். அதிகாரிகள் ஆய்வு செய்து தரும் தரக்குறி அது. சிரிக்கும் முகம் ஏ, புன்னகை பி, உணர்ச்சியில்லாத முகம் சி. தள்ளுவண்டியில் இது இருக்காது. அங்கே கூட்டத்தைப் பார்த்துத்தான் முடிவு செய்யவேண்டும்: ஊர்க்காரர் வரிசை, கண்ணெதிரே சூடாக இறக்குவது, கறுத்துப்போகாத எண்ணெய். உறுப்பு இறைச்சியை ஆறிய நிலையில் தொடாதீர்கள்.

கேள்வி: உலா முடிந்த பிறகு நாங்களாகச் சாப்பிடும்போது விலையில் ஏமாறாமல் இருக்க என்ன செய்வது? பணம் எப்படிக் கட்டுவது? (பினாங்கு வாசகர்)

பதில்: விலை எந்த அளவுக்கு என்பதை உட்காரும் முன்பே கேளுங்கள். சீனத்தில் எடைக்கு ஜின் என்றால் 500 கிராம், லியாங் என்றால் 50 கிராம். பலகையில் உள்ள விலை எதற்கு என்று தெரியாமல் சொன்னால் பில் பத்து மடங்காகும். 2015 அக்டோபர் விடுமுறையில் சிங்தாவ் கடற்கரை நகரில் ஒரு உணவகம், தட்டுக்கு 38 யுவான் என்று வாடிக்கையாளர் நினைத்த இறாலுக்கு, ஒவ்வொரு இறாலுக்கும் 38 யுவான் போட்டது. நாடே கொதித்தது, கடைக்கு 90,000 யுவான் அபராதம் விழுந்தது. சீனம் படிக்கத் தெரிந்த உள்நாட்டுப் பயணிகளுக்கே அப்படி. பலகையைக் கைபேசியில் படம் எடுத்து மொழிபெயர்த்துப் பாருங்கள். விரலால் எண்ணிக்கை காட்டி, தொகையைக் கால்குலேட்டரில் தட்டச் சொல்லி, தலையசைத்த பிறகே சமைக்கவிடுங்கள்.

பணத்துக்கு அலிபே அல்லது வீசாட் செயலியில் உங்கள் விசா, மாஸ்டர்கார்டை இணைக்கலாம். ஒரு முறைக்கு 200 யுவான் வரை வெளிநாட்டுக் கார்டுக்குக் கட்டணம் இல்லை, அதற்கு மேல் 3 சதவீதம். தெருவுணவில் 200ஐத் தாண்டுவது அரிது. இந்திய வாசகர்கள் கிளம்பும் முன்பே வங்கிச் செயலியில் வெளிநாட்டுப் பரிவர்த்தனையைத் திறந்துவைக்கவேண்டும், இல்லையென்றால் கார்டு இணையாது. தள்ளுவண்டிக்காரர் தன் சொந்தப் பெயரில் வைத்திருக்கும் கியூஆர் அட்டையில் வெளிநாட்டுக் கார்டு சில நேரம் ஓடாது. அதனால் ஐந்து, பத்து யுவான் தாள்களாக ஒரு நூறு யுவான் பையில் இருக்கட்டும். ரொக்கத்தை மறுப்பது சீனாவில் சட்டப்படி தவறு, ஆனால் தள்ளுவண்டியில் சில்லறை இருக்காது.