மட்டி தின்றதும் உதடு மரத்தால்

கேள்வி: கடலோரத்தில் வசிக்கிறோம். என் அம்மா காலத்திலிருந்தே மட்டி பொறுக்கித்தான் சமைக்கிறோம். போன மாதம் நன்றாக வேகவைத்துச் சாப்பிட்டும், அரை மணி நேரத்தில் உதடும் விரல்நுனிகளும் மரத்துப்போயின. மறுநாள் சரியாகிவிட்டது. வேக்காடு போதவில்லை என்கிறார் அம்மா. இன்னும் கொஞ்ச நேரம் கொதிக்கவிட்டால் சரியாகிவிடுமா?

பதில்: சரியாகாது. உங்கள் கடிதம் எனக்குக் கவலை தருகிறது.

அம்மா சொல்வதிலும் உண்மை உண்டு. மட்டியில் இருக்கும் விப்ரியோ போன்ற கிருமிகள் நல்ல வேக்காட்டில் சாகும். ஆனால் வாந்தி, பேதி இல்லாமல் உதடும் விரல்நுனிகளும் மட்டும் மரத்தன என்றால் என் சந்தேகம் வேறு. மட்டி கடல்நீரை வடிகட்டி இரை தேடும் உயிர். சிலவகை நுண்பாசிகள் பெருகும் நாட்களில் அவற்றின் நஞ்சான சாக்ஸிடாக்ஸின் அதன் சதையில் சேர்ந்துவிடும். நரம்புகளில் சோடியம் நுழையும் வழியை அது அடைப்பதால்தான் மரப்பு. கொதிக்கவைத்தாலும், உறையவைத்தாலும், எலுமிச்சை பிழிந்தாலும் அது அழியாது. வேகவைத்த நீரிலும் இறங்கும் என்பதால் அந்தச் சாறும் ஆபத்து. மணம், ருசி எதுவும் மாறாது. கடல் சிவந்தால்தான் பயம் என்பார்கள். தெளிந்த நீரிலும் இது நடக்கும்.

1981-ல் தமிழகத்தின் வயலூரில் மட்டி சாப்பிட்ட 85 பேர் மருத்துவமனையில் சேர்ந்தார்கள். 3 பேர் இறந்தார்கள். 1997-ல் கேரளத்தின் விழிஞ்ஞத்தில் 7 பேர் இறந்தார்கள். இந்த நஞ்சை முறிக்கும் மருந்து கிடையாது. மூச்சுத் தசைகள் செயலிழந்தால் செயற்கை சுவாசம் கொடுத்து, நஞ்சு சிறுநீரில் வெளியேறும்வரை காப்பதுதான் சிகிச்சை. நேரத்தோடு வந்தவர்களில் பெரும்பாலோர் முழுமையாகத் தேறிவிடுகிறார்கள்.

ஆகவே அடுத்த முறை உதடு மரத்தால் காத்திருக்காதீர்கள். மூச்சுத் திணறுவதற்கு முன்பே, அவசரப் பிரிவும் செயற்கை சுவாசக் கருவியும் உள்ள மருத்துவமனைக்குப் போய், ‘மட்டி சாப்பிட்டேன்’ என்று முதல் வார்த்தையாகச் சொல்லுங்கள். மிச்சக் கறியையும் எடுத்துச் செல்லுங்கள். தடிப்பு, அரிப்பு, முகவீக்கம் இருந்தால் ஒவ்வாமையாக இருக்கலாம். அதற்கும் அதே அவசரம்.

தலைமுறையாகத் தின்றதை அடியோடு விடச் சொல்ல எனக்கு மனமில்லை. ஆனால் அந்த இடத்து மட்டியை இப்போது தொடவேண்டாம். நஞ்சு வடிய வாரங்கள் ஆகும். சில இனங்களில் ஓராண்டுக்கு மேலும் தங்கும். மீன்வளத் துறையிடம் சொல்லி, பரிசோதிக்கக் கேளுங்கள். அன்று உங்களோடு சாப்பிட்ட குழந்தைகள் யாருக்காவது மரப்போ தள்ளாட்டமோ இருந்ததா? விசாரித்து எனக்கு எழுதுங்கள்.