இடமாற்றத்தை எதிர்த்து எங்கே வழக்குப் போடுவது?

கேள்வி: மத்திய ஆயுதப்படை ஒன்றில் தலைமைக் காவலராக இருக்கிறேன். மகள் பிளஸ் டூ படிக்கும்போது வடமாநிலத்துக்கு மாற்றல் வந்திருக்கிறது. மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தில் தடை வாங்க முடியுமா?
- ஒரு வாசகர், வேலூர்

பதில்: மத்திய அரசு ஊழியர்களின் பணி வழக்குகளை விசாரிக்கும் அந்தத் தீர்ப்பாயத்துக்குப் போகாதீர்கள். சி.ஆர்.பி.எஃப்., பி.எஸ்.எஃப்., சி.ஐ.எஸ்.எஃப். போன்றவை ஒன்றியத்தின் ஆயுதப்படைகள். 1985-ஆம் ஆண்டு நிர்வாகத் தீர்ப்பாயச் சட்டத்தின் 2-வது பிரிவு இப்படையினரை விலக்கியிருக்கிறது. அங்கே மனுப் போட்டால் திரும்பிவிடும். அதற்குள் உங்களைப் பணியிலிருந்து விடுவித்துவிடுவார்கள். அரசியல் சாசனப் பிரிவு 226-இன்படி உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு (அரசின் உத்தரவை எதிர்த்து நேரடியாகப் போடும் மனு) போடுவதுதான் வழி.

முதலில் மேலதிகாரி வழியாகக் கோரிக்கை மனு கொடுத்து, ஒப்புகை வாங்குங்கள். பள்ளிச் சான்றிதழை இணையுங்கள். மனைவி அரசுப் பணியில் இருந்தால் அந்தச் சான்றும் வேண்டும்.

குழந்தையின் படிப்பு மட்டும் காரணம் என்றால் ரத்து கிடைப்பது கடினம். மாற்றல் வழிகாட்டுதல்கள் சட்ட உரிமை தராது என்று 1993-இல் எஸ்.எல். அப்பாஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறிவிட்டது. சட்ட விதிமீறலோ, உள்நோக்கமோ இருந்தால்தான் நீதிமன்றம் தலையிடும். உள்நோக்கம் என்று சொன்னால், அந்த அதிகாரியைப் பெயர் சொல்லி எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். பலர் இதில்தான் கோட்டை விடுகிறார்கள். தண்டனைக்குப் பதிலாகப் போட்ட மாற்றல் என்று நிரூபித்தால் ரத்தாகும் (சோமேஷ் திவாரி வழக்கு, 2009).

பெரும்பாலும் கிடைப்பது, கோரிக்கை மனுவைக் குறித்த காலத்துக்குள் பரிசீலிக்கச் சொல்லும் உத்தரவு. கல்வியாண்டு முடியும்வரை அவகாசம் மட்டும் கேட்டால் வாய்ப்பு அதிகம். தடை உத்தரவு கையில் இல்லாமல் வீட்டில் இருந்துவிடாதீர்கள். ஒழுங்கு நடவடிக்கை வரும். புதிய இடத்தில் பணியில் சேர்ந்த பிறகும் வழக்கை நடத்தலாம்.